பேடி சாயெவ்ஸ்கி

பேடி சாயெவ்ஸ்கி (1923–1981) அமெரிக்கத் தொலைக்காட்சிக்கும் திரைப்படத்துக்கும் கதை வசனம் எழுதியவர். இயற்பெயர் சிட்னி ஆரன். நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில் யூதக் குடும்பத்தில் பிறந்தார். இரண்டாம் உலகப் போரில் ஜெர்மனியின் ஆகன் நகருக்கு அருகே கண்ணிவெடியில் காயமடைந்தார். ‘பேடி’ ராணுவத்தில் ஒட்டிக்கொண்ட பெயர்.

1950களின் தொடக்கத்தில் நியூயார்க்கிலிருந்து தொலைக்காட்சி நாடகங்கள் நேரலையாக ஒளிபரப்பாயின. விளம்பரம் போக ஒரு மணி நேரம்கூடக் கிடைக்காது. செட்டுகளும் சிலதான். போர்க்களத்தையோ பெருங்கூட்டத்தையோ காட்ட வழியில்லாத அந்த நெருக்கடியில் எழுத்தாளர் கையில் மிஞ்சியவை முகமும் பேச்சும். சாயெவ்ஸ்கிக்கு அதுவே போதுமானதாக இருந்தது. ஒத்திகை நடந்த ஓர் ஓட்டல் நடனக்கூடத்தில், ஆட அழைக்கும் ஆண்களை மறுக்காதீர்கள், அவர்களுக்கும் மனசு உண்டு என்று பெண்களைக் கேட்டுக்கொள்ளும் அறிவிப்பு ஒன்று இருந்தது. அதிலிருந்து உருவானது ‘மார்ட்டி’. என்.பி.சி.யில் 1953 மே 24 அன்று ஒளிபரப்பான இந்த நாடகத்தின் நாயகன், கல்யாணமாகாமல் வயது ஏறிவிட்ட கறிக்கடைக்காரன். இன்றிரவு என்ன செய்யலாம் என்று அவனும் நண்பனும் மாற்றி மாற்றிக் கேட்டுக்கொள்கிறார்கள். பதில் யாரிடமும் இல்லை. அந்த வெறுமையான பேச்சிலேயே அவன் தனிமை முழுவதும் தெரிந்துவிடுகிறது. ‘மார்ட்டி’ 1955இல் படமாகி, கான் விழாவின் உயரிய விருதையும், திரைக்கதைக்கு உள்பட நான்கு ஆஸ்கர்களையும் பெற்றது.

பிராட்வே நாடகங்களும் ‘தி அமெரிக்கனைசேஷன் ஆஃப் எமிலி’ (1964) போன்ற படங்களும் தொடர்ந்தன. ‘தி ஹாஸ்பிட்டல்’ (1971) இரண்டாவது ஆஸ்கரைத் தந்தது. கறிக்கடைக்காரனின் திக்கலான பேச்சு இதற்குள் நீண்ட, ஆவேசமான உரைகளாக மாறியிருந்தது. அதன் உச்சம் சிட்னி லூமெட் இயக்கிய ‘நெட்வொர்க்’ (1976). பார்வையாளர் குறைந்ததால் வேலை இழக்கும் செய்தி வாசிப்பாளர், நேரலையிலேயே தற்கொலை செய்யப்போவதாக அறிவிக்கிறார். நிறுவனம் அவர் சீற்றத்தையே நிகழ்ச்சியாக்கி விற்கிறது. தன்னை வளர்த்த ஊடகத்தின் மீது சாயெவ்ஸ்கி வைத்த மிகக் கடுமையான விமர்சனம் இதுதான். இதில் பியட்ரிஸ் ஸ்ட்ரெய்ட் திரையில் வருவது ஆறு நிமிடத்துக்கும் குறைவு. கைவிடப்பட்ட மனைவிக்கு எழுதப்பட்ட ஒரே காட்சியின் வலிமையால் துணை நடிகைக்கான ஆஸ்கர் பெற்றார். சாயெவ்ஸ்கிக்கும் இப்படத்தின் திரைக்கதை மூன்றாவது ஆஸ்கரைத் தந்தது. மூன்றையும் கூட்டு எழுத்தாளர் இன்றித் தனியாகவே வென்றார்.

எழுதியதில் ஒரு சொல்லையும் பிறர் மாற்ற அவர் விடமாட்டார். படப்பிடிப்புக்கும் வந்து உட்கார்ந்துவிடுவார். இயக்குநரே பெரியவர் என்றிருந்த ஹாலிவுட்டில் இது அரிதான அதிகாரம். ‘ஆல்டர்ட் ஸ்டேட்ஸ்’ (1980) படத்தில் இயக்குநர் கென் ரஸ்ஸலோடு மோதல் முற்றியதால், எழுத்தாளராகத் தம் பிரபலமான பெயரைப் போட மறுத்தார். மறு ஆண்டு ஆகஸ்டில், 58 வயதில், புற்றுநோயால் காலமானார். ‘நெட்வொர்க்’ 2017இல் லண்டன் தேசிய நாடக அரங்கில் மேடையேறியது.