முகநூல் விளையாட்டு அழைப்புகள்: ஒரு தொல்லையின் வரலாறு

2015 அக்டோபர் 28 அன்று புதுதில்லி இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தில் (ஐ.ஐ.டி.) மாணவர்கள் முன்னிலையில் ஒரு கேள்வி பதில் நிகழ்ச்சி நடந்தது. பதில் சொல்ல வந்தவர் முகநூல் (ஃபேஸ்புக்) நிறுவனர் மார்க் சக்கர்பெர்க். இணையச் சமநிலை, இலவச இணையம் போன்ற கனமான கேள்விகள் காத்திருந்தன. ஆனால், முன்கூட்டியே இணையத்தில் கேட்கப்பட்ட கேள்விகளில் அதிகம் பேர் ஆதரித்தது வேறொன்று: கேண்டி கிரஷ் விளையாட அழைக்கும் இந்த அறிவிப்புகளை எப்படி நிறுத்துவது? அரங்கம் சிரித்தது. சக்கர்பெர்க்கும் சிரித்தார். அந்தக் கேள்வியைப் பார்த்தவுடன், தான் தில்லி வந்து பேசுவதற்குள் இதற்கு ஒரு தீர்வு காணும்படி உரிய குழுவின் தலைவருக்குச் செய்தி அனுப்பியதாகச் சொன்னார்.

சிரித்துவிட்டுப் போகக்கூடிய கேள்விதான். ஆனால் அதற்குப் பின்னால் எட்டு ஆண்டு வரலாறு இருக்கிறது. நட்பை விளம்பரமாக்கிய வரலாறு அது.

முன்னோடிகள்

ஒருவர் பெயரைப் பயன்படுத்தி அவருக்குத் தெரிந்தவர்களை இழுப்பது பழைய வழக்கம். 1935-ஆம் ஆண்டு அமெரிக்காவின் டென்வர் நகரில் சங்கிலிக் கடிதங்கள் பெருகின. பட்டியலில் முதலில் உள்ளவருக்குப் பத்து சென்ட் அனுப்பு, உன் பெயரைக் கடைசியில் சேர், நண்பர்களுக்குப் பிரதி எடுத்து அனுப்பு என்பது அதன் சாரம். அந்நகர அஞ்சலகம் கடித மூட்டைகளால் திணறியது. நம் ஊரிலும் சாமி பெயரைப் போட்டு அஞ்சலட்டைகள் வந்ததை என் வயதுக்காரர்கள் மறந்திருக்க மாட்டார்கள். இத்தனை பேருக்கு எழுது, எழுதாவிட்டால் கெடுதல் என்று பயமுறுத்தும். எங்கள் வீட்டுக்கு வந்ததை அம்மா அடுப்பில் போட்டார். எதிர் வீட்டில் இரவெல்லாம் உட்கார்ந்து எழுதினார்கள்.

இணையத்தில் இந்த உத்தியை அமைதியாகச் செய்து காட்டியது ஹாட்மெயில். சண்டிகரில் பிறந்த சபீர் பாட்டியாவும் ஜாக் ஸ்மித்தும் 1996 ஜூலை 4 அன்று தொடங்கிய இந்த இலவச மின்னஞ்சல் சேவை, பயனர் அனுப்பும் ஒவ்வொரு மடலின் அடியிலும் தன்னைப் பற்றி ஒரு வரி சேர்த்து அனுப்பியது. மடலை அனுப்பியவரே அவரை அறியாமல் விளம்பரதாரர் ஆனார். அடுத்த ஆண்டின் இறுதியில் மைக்ரோசாப்ட் அதை விலைக்கு வாங்கியது.

2007: கதவு திறந்தது

மாணவர்களுக்கான தளமாகத் தொடங்கிய முகநூல், 2006 செப்டம்பரில் 13 வயது நிறைந்த அனைவருக்கும் திறக்கப்பட்டது. 2007 மே 24 அன்று வெளியார் எழுதிய செயலிகளையும் முகநூலுக்குள் இயங்க அனுமதித்தார்கள். இந்தச் செயலிகளால் பயனரின் நண்பர் பட்டியலைப் பார்க்க முடிந்தது. பயனர் பெயரில் அழைப்புகளும் அறிவிப்புகளும் அனுப்ப முடிந்தது. அதற்குக் கட்டணம் கிடையாது. வாசல்தோறும் சென்று விற்க வேண்டியதை, வீட்டுக்காரரின் நண்பரே கொண்டுவந்து கொடுக்கும் ஏற்பாடு இது.

இரத்தக் காட்டேரி, நடைபிணம் போன்ற செயலிகளில் ஒருவர் தன் நண்பரைக் 'கடிக்க' வேண்டும். கடிபட்டவருக்கு அழைப்பு போகும். ஏற்றுக்கொண்டால் அவர் அடுத்தவரைக் கடிப்பார். புதிர் விளையாட்டுகளில் சில, நண்பர்களை அழைத்தால்தான் விடையையே காட்டின. தொல்லை அதிகமானதும் முகநூல் 2008-இல் ஒரு வரம்பு கொண்டுவந்தது. ஒரு செயலியின் அழைப்புகளை எத்தனை பேர் ஏற்கிறார்களோ அதைப் பொறுத்தே அச்செயலி எத்தனை அழைப்புகள் அனுப்பலாம் என்பது அமைந்தது.

எல்லா அழைப்பையும் குறை சொல்ல முடியாது. கொல்கத்தாவைச் சேர்ந்த ரஜத், ஜெயந்த் அகர்வாலா சகோதரர்கள் உருவாக்கிய ஸ்கிராபுலஸ் என்ற சொல் விளையாட்டு அக்காலத்தில் முகநூலில் பெரும் புகழ் பெற்றது. எதிரே ஆள் இல்லாமல் அதை விளையாட முடியாது. எனவே அழைப்பில் அர்த்தம் இருந்தது. ஸ்கிராபிள் விளையாட்டின் அமெரிக்க உரிமை பெற்ற ஹாஸ்புரோ நிறுவனம் 2008 ஜூலையில் வழக்குத் தொடர்ந்ததால் அமெரிக்கா, கனடா பயனர்களுக்கு அது நிறுத்தப்பட்டது. பிற நாடுகளில் உரிமை கொண்டிருந்த மேட்டல் நிறுவனம் தில்லி உயர் நீதிமன்றத்தை அணுகியது. வணிகக் குறி மீறல் நடந்திருக்கிறது, பதிப்புரிமை மீறல் நிரூபிக்கப்படவில்லை என்பது நீதிமன்றத்தின் முடிவு. சகோதரர்கள் பெயரை லெக்சுலஸ் என்று மாற்றிக்கொண்டார்கள்.

ஃபார்ம்வில்: காணாமல் போன பசு

மார்க் பின்கஸ் 2007-இல் சான் பிரான்சிஸ்கோவில் தொடங்கிய நிறுவனம் சிங்கா. அது அவர் வளர்த்த நாயின் பெயர். முதலில் சீட்டாட்டம் வெளியிட்ட இந்நிறுவனம் 2009 ஜூன் 19 அன்று ஃபார்ம்வில் என்ற பண்ணை விளையாட்டை வெளியிட்டது. 2010 மார்ச் அளவில் மாதந்தோறும் 8 கோடிக்கும் மேற்பட்டோர் அதை விளையாடினர்.

அதன் அமைப்பை விளங்கிக்கொண்டால்தான் அழைப்புகள் ஏன் குவிந்தன என்பது புரியும். நிலத்தை உழுது விதைக்க வேண்டும். ஸ்ட்ராபெரி 4 மணி நேரத்தில் விளையும். குறித்த நேரத்துக்குள் திரும்பி வந்து அறுக்காவிட்டால் பயிர் வாடிவிடும். நிலத்தைப் பெரிதாக்க வேண்டுமானால் இத்தனை 'அண்டை வீட்டார்' இருக்க வேண்டும் அல்லது காசு கொடுக்க வேண்டும். காசு கொடுக்க மனமில்லாதவர்கள் நண்பர்களை அழைத்தார்கள். வழிதவறிய பசு ஒன்று உங்கள் நண்பரின் பண்ணைக்கு வந்து வருத்தமாக நிற்கிறது, அதற்கு ஒரு வீடு கொடுப்பீர்களா என்று முகநூல் பக்கத்தில் செய்தி வரும். மறுத்தால் பசுவுக்கு இரக்கம் காட்டாதவர் போலத் தோன்றும்! இரக்கத்தையும் கூச்சத்தையும் எரிபொருளாக்கிய வேலை என்றே இதைச் சொல்வேன்.

ஒரு எளிய கணக்குப் போட்டுப் பார்ப்போம். 100 பேர் ஆளுக்கு 10 அழைப்பு அனுப்பினால் 1000 அழைப்பு. அதில் 120 பேர் சேர்ந்தால், அவர்கள் வழியே அடுத்து 144 பேர், பிறகு 173 பேர் என்று கூட்டம் பெருகும். 120-க்குப் பதில் 80 பேர் மட்டும் சேர்ந்தால் அடுத்து 64, பிறகு 51 என்று தேய்ந்துவிடும். ஒருவர் சராசரியாக ஒருவருக்கு மேல் கொண்டுவர வேண்டும் என்பதே இந்த நிறுவனங்களின் குறி. முதல் கணக்கில் வேண்டாம் என்று தள்ளிய 880 பேரின் எரிச்சல் எந்த ஏட்டிலும் பதிவாகாது.

எதிர்ப்பு

எரிச்சல் முகநூலிலேயே வெளிப்பட்டது. உன் பண்ணையும் மீனும் பூங்காவும் மாஃபியாவும் எனக்குத் தேவையில்லை என்று பொருள்படும் பெயரில் ஒரு குழு தோன்றியது. அதில் லட்சக்கணக்கானோர் சேர்ந்தனர். ஒவ்வொரு சொல்லும் ஒரு பிரபல விளையாட்டைக் குறித்தது. 2010 மார்ச்சில் செயலிகள் தாமாக அறிவிப்பு அனுப்பும் வசதியை முகநூல் நீக்கியது. அதே ஆண்டு செப்டம்பரில், விளையாட்டுச் செய்திகள் விளையாடுவோர் கண்ணில் மட்டும் படும்படி மாற்றியது. ஆனால் ஒருவர் மற்றொருவருக்கு நேரடியாக அனுப்பும் அழைப்பு மட்டும் தப்பிப் பிழைத்தது.

ஏன் அதையும் நிறுத்தவில்லை? பங்குச் சந்தைக்கு வருவதற்காக முகநூல் 2012-இல் தாக்கல் செய்த ஆவணத்தில் ஒரு செய்தி உண்டு. 2011-இல் அதன் மொத்த வருவாயில் சுமார் 12 விழுக்காடு சிங்கா என்ற ஒரே நிறுவனத்தால் வந்தது. விளையாட்டில் செலவாகும் பணத்தில் 30 விழுக்காடு முகநூலின் பங்கு. அழைப்பைக் குறைத்தால் ஆட்டக்காரர் குறைவார், வருவாயும் குறையும். கதவைச் சாத்தாமல் இருந்ததற்கு இது ஒன்றே காரணம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஒதுக்கிவிடவும் முடியவில்லை.

இயன் போகோஸ்ட் என்ற அமெரிக்கப் பேராசிரியர் 2010-இல் கேலியாக ஒரு விளையாட்டு செய்தார். கௌ கிளிக்கர் என்று பெயர். ஒரு பசு நிற்கும். 6 மணி நேரத்துக்கு ஒருமுறை அதைச் சொடுக்கலாம். நண்பர்களை அழைத்தால் அவர்கள் பசுவும் உங்கள் புல்வெளிக்கு வரும். அவ்வளவுதான். கேலிதான் என்று தெரிந்தும், தெரியாமலும் ஐம்பதாயிரம் பேருக்கு மேல் விளையாடினார்கள். 2011-இல் அவர் பசுக்களை மறையச் செய்தார். வெற்றுத் தரையையும் சிலர் சொடுக்கிக்கொண்டிருந்தார்கள்.

இதற்கிடையே வேறொரு கவலை எழுந்தது. 2010 அக்டோபரில் வால் ஸ்ட்ரீட் ஜர்னல் நாளிதழ், ஃபார்ம்வில் உள்ளிட்ட செயலிகள் பயனர் அடையாள எண்களை விளம்பர நிறுவனங்களுக்குக் கசியவிட்டதைக் கண்டறிந்து எழுதியது. விளையாடாத நண்பர்களின் விவரமும் சிலவற்றில் சென்றது. நண்பரின் அனுமதியைக் கொண்டு என் விவரத்தை எடுக்கும் இந்த வழி 2015-இல்தான் பெரும்பாலும் அடைக்கப்பட்டது.

கேண்டி கிரஷ்

கிங் நிறுவனத்தின் கேண்டி கிரஷ் சாகா 2012 ஏப்ரலில் முகநூலுக்கும், அவ்வாண்டு நவம்பரில் கைப்பேசிக்கும் வந்தது. இதில் 5 உயிர்கள். ஒன்று போனால் திரும்பக் கிடைக்க 30 நிமிடம் காத்திருக்க வேண்டும். ஐந்தும் போனால் இரண்டரை மணி நேரம். காத்திருக்க முடியாதவர் காசு கொடுக்கலாம் அல்லது நண்பர்களிடம் உயிர் கேட்கலாம். அடுத்த பகுதிக்குச் செல்ல அப்போது மூன்று நண்பர்களின் உதவி தேவைப்பட்டது. இந்தியாவில் மலிவான கைப்பேசிகள் பரவிய காலமும் அதுவே.

நான் பணி ஓய்வு பெற்ற பிறகு ஒரு சமூக வலைத்தளத்தில் சேர்ந்தேன். பத்தாம் வகுப்பில் என்னிடம் படித்த மாணவர் ஒருவரிடமிருந்து ஒரு விளையாட்டுக்கு அழைப்பு வந்தது. பிறகு வாரம் இரண்டு வந்தது. எனக்கு விளையாடத் தெரியாது. ஆனாலும், பையன் நம்மை நினைத்திருக்கிறானே என்று ஒரு மகிழ்ச்சி. ஒரு திருமணத்தில் சந்தித்தபோது அதைச் சொன்னேன். 'சார், நானா அனுப்பினேன்?' என்று திகைத்துப் போனார். பட்டியலில் எல்லாப் பெயருக்கும் குறியிட்டு, பார்க்காமலே அனுப்பியிருக்கிறார். அன்று இரவு அவர் அழைப்புகளை நிறுத்தி வைத்தேன். நட்பில் இருந்து நீக்கவில்லை.

தில்லிக்குப் பிறகு

விளையாட்டே ஆடாதவர்களுக்கும் அழைப்பு அனுப்பவிடும் பழைய கருவிகள் இன்னும் இருப்பதாகவும், வேறு வேலைகளுக்கு முன்னுரிமை தந்ததால் அதைக் கவனிக்கவில்லை என்றும் சக்கர்பெர்க் தில்லியில் ஒப்புக்கொண்டார்.

நீதிமன்றங்களும் அப்போது இத்தகைய அழைப்புகளைக் கவனிக்கத் தொடங்கியிருந்தன. பயனர் பெயரில் மீண்டும் மீண்டும் அழைப்பு மடல் அனுப்பிய வழக்கில் லிங்க்ட்இன் 2015-இல் 1.3 கோடி டாலருக்குச் சமரசம் செய்துகொண்டது. முகநூலில் இல்லாதவர்களுக்கு நண்பர் பெயரில் மின்னஞ்சல் அழைப்பு அனுப்புவது தொல்லை தரும் விளம்பரமே என்று 2016 ஜனவரியில் ஜெர்மனியின் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நண்பர் பொத்தானை அழுத்தினாலும் அனுப்பியது நிறுவனமே என்ற பார்வை இதில் முக்கியமானது.

பயனர் கையில் உள்ள வழிகள் இவை. முகநூல் அமைப்புகளில் தடுத்தல் என்ற பகுதியில், ஒரு குறிப்பிட்ட நண்பரின் செயலி அழைப்புகளை மட்டும் தடுக்கலாம். இதனால் நட்பு முறியாது. அவருக்கு அறிவிப்பும் போகாது. ஒரு விளையாட்டு மட்டும் தொல்லை என்றால் அந்தச் செயலியையே தடுக்கலாம். பிறகு யார் அனுப்பினாலும் வராது. முதல் வழியைப் பலர் கூச்சத்தால் தவிர்க்கிறார்கள். அந்தக் கூச்சம் தேவையற்றது.

ஃபார்ம்வில் அடோப் ஃபிளாஷ் மென்பொருளைக் கொண்டு இயங்கியது. ஃபிளாஷின் ஆயுள் முடிந்ததால் 2020 டிசம்பர் 31 அன்று அந்தப் பண்ணை மூடப்பட்டது. கேண்டி கிரஷ் இன்னும் விளையாடப்படுகிறது.