புகையிலை: பெயரும் தூதும்

தமிழில் வழங்கும் தாவரப் பெயர்களுள் பிற்காலத்தெழுந்தது புகையிலை என்பது. இச்செடி அமெரிக்க நாட்டிற்குரியது. 1492-இல் கொலம்பசுடன் சென்றோர் அந்நாட்டு மக்கள் இதன் புகையைக் குடித்தலைக் கண்டனர். பின்னர்ப் போர்த்துகீசியர் வாயிலாக இஃது இந்தியாவை அடைந்தது. ஆதலின் சங்க நூல்களில் இதனைத் தேடுதல் பயனற்றது.

வடநாட்டு மொழிகள் பலவும் 'தம்பாக்கு' என அயற்பெயரையே திரித்து வழங்கின. தமிழோ புகை, இலை என்னும் தன் சொற்களால் பெயரமைத்தது. தெலுங்கின் 'பொகாகு', கன்னடத்தின் 'ஹொகெசொப்பு', சிங்களத்தின் 'தும்கொள' ஆகியனவும் இப்பொருளனவே. இவ்விலையை மெல்லுதலும் பொடியாக்கி முகர்தலும் நம்மவரிடைப் பெருவழக்காய் இருந்தும், பெயர் புகையினாலேயே அமைந்தது. எனவே, பெயரிட்டோர் இதனைப் புகைக்கும் பொருளாகவே முதற்கண் அறிந்தனர் எனக் கொள்ளுதல் பொருந்தும். நம் 'சுருட்டு' ஆங்கிலம் புகுந்து 'செரூட்' ஆனமையும் ஈண்டு நினையத்தகும்.

இனி, இலக்கியத்தை நோக்குவாம். அன்னம், மயில், கிளி, முகில் முதலாகத் தூது விடுதற்குரியனவாகக் கூறப்படும் பத்தனுள் புகையிலை இல்லை. எனினும் சீனிச்சர்க்கரைப் புலவர் பழனி முருகன்பால் இதனைத் தூதாக விடுத்தார். டாக்டர் உ. வே. சாமிநாதையர் 1939-இல் அந்நூலைப் பதிப்பித்தார். மும்மூர்த்திகள் பெற்ற இலைகளுள் வில்வமும் துளசியும் நீரலையிற் போயின. பிரமன் இலை மட்டும் போகவில்லை. அதுவே 'போகையிலை' என்பது இதுபற்றிய கதை. சொல்லாராய்ச்சிக்கு இஃது ஒவ்வாது. புகை என்னும் முதனிலையை மேற்காட்டிய மொழிகள் உறுதிசெய்கின்றன. ஆயினும், அயல்நாட்டு இலையொன்று தெய்வக் கதை பெறுமளவிற்கு மக்கள் வாழ்வில் ஊன்றிவிட்டமைக்கு இது தக்க சான்றாம்.

புலவர் போற்றியதை மருத்துவம் போற்றவில்லை. இவ்விலையின் நிக்கொட்டின் மூளையைப் பற்றி விடாத வேட்கையை விளைக்கின்றது. புகையின் கரிவளி குருதியில் உயிர்வளிக்குரிய இடத்தைக் கவர்கின்றது. புகைத்தலுக்கும் நுரையீரற் புற்றுக்கும் உள்ள தொடர்பை 1950-இல் டால், ஹில் என்போர் ஆய்ந்து காட்டினர். மெல்லுதலும் தீங்கற்றதன்று, அது வாய்ப்புற்றுக்குக் காரணமாகின்றது. இந்திய அரசின் 2003-ஆம் ஆண்டுச் சட்டம் பொதுவிடங்களிற் புகைத்தலை விலக்கிற்று.

ஆகவே, தூது நூலை அக்கால வழக்கின் ஆவணமாகக் கற்றல் நம் கடன். அதன் புகழுரையை இலையின் இயல்பாகக் கொள்ளுதல் பிழை. போகாமை அதன் பெருமை என்றது கதை. உடலைப் பற்றியபின் எளிதிற் போகாமையே அதன் கொடுமை என்க.