தரங்கம்பாடியின் புது எருசலேம் ஆலயம்

கல்லால் ஆனது காலத்தை வெல்லும் என்பதை மறையூர் மலைச்சரிவில் முனியறைகளைக் கண்டு பழகிய நமக்கு எவரும் எடுத்துரைக்க வேண்டுவதில்லை. ஆயினும் குளிர்நாடுகளில் மரமும் அவ்வாறே நிற்கக் காண்கிறோம். பின்லாந்தின் பெட்டயாவெசி என்னும் சிற்றூரில் 1763 முதல் 1765 வரை மரத்தாலேயே எழுப்பப்பெற்ற லுத்தரன் கோயில் இன்றும் உள்ளது. 1994ஆம் ஆண்டு அது உலகப் பாரம்பரியச் சின்னமாக ஏற்கப்பெற்றது. அதே சமயத்தார் தமிழகத்தில் முதன்முதல் கால் ஊன்றிய இடமோ உப்புக்காற்று வீசும் கடற்கரை. இங்கே அவர்களுக்குத் துணை நின்றவை செங்கல்லும் சுண்ணாம்புமே.

டென்மார்க்கு மன்னர் நான்காம் பிரடெரிக்கு அனுப்பிய சீகன்பால்கு, புளுட்சோ ஆகிய இருவரும் 1706ஆம் ஆண்டு சூலை 9ஆம் நாள் தரங்கம்பாடியில் கரையிறங்கினர். டேனியர் வழிபடுவதற்கென 1701ஆம் ஆண்டிலேயே சீயோன் ஆலயம் அங்கு அமைந்திருந்தது. 1707 மே மாதத்தில் முதற்கண் திருமுழுக்குப் பெற்றோர், ஐரோப்பியர் இல்லங்களில் அடிமைகளாய் இருந்த ஐவர். தமிழர்க்கெனத் தனிக்கோயில் வேண்டும் என்று துணிந்த சீகன்பால்கு, அவ்வாண்டு சூன் 14ஆம் நாள் கால்கோள் செய்து, ஆகத்து 14ஆம் நாளே அதனைப் படைத்தார். இரண்டே திங்களில் எழுந்த அச்சிறு கோயில் இன்று இல்லை. கோட்டைத் தலைவரின் சினத்துக்கு ஆளாகி நான்கு திங்கள் சிறையிருந்த பின்னரும் சீகன்பால்கு தம் பணியை விடவில்லை. தமிழில் புதிய ஏற்பாடு 1715இல் அச்சேறி முடிந்தது.

பெருகிய சபைக்கு இடம் போதாமையால், அரச வீதியில் சிலுவை வடிவில் புதிய ஆலயம் எழுந்தது. அதன் முகப்பில் டேனிய மன்னரின் முடியும் பெயர்ப்பொறிப்பும் விளங்குகின்றன. 1718 அக்டோபர் 11ஆம் நாள் அது படைக்கப்பெற்றது. நான்கு திங்கள் கழிந்து, 1719 பிப்ரவரி 23ஆம் நாள், முப்பத்தாறு வயதிலேயே சீகன்பால்கு மறைந்தார். அவர் உடல் அவ்வாலயத்தினுள்ளேயே அடக்கம் பெற்றது. தாம் கட்டிய கோயிலில் அவர் வழிபட்டது ஒரு மழைக்காலமும் அதனை அடுத்த பனிக்காலமுமே.

கட்டடத்தின் வரலாறு இவ்வளவே. அதனுள் அமர்ந்திருந்தோரின் வரலாறோ இத்துணை எளிதன்று. பிறப்பு வேற்றுமை வாயிற்படியில் நின்றுவிடவில்லை. வேளாளர் முதலானோர் ஒருபாலும் பறையர் மறுபாலும் அமர்ந்தே மறையுரை கேட்டனர். கடலூரைச் சேர்ந்த வேளாளராகிய ஆரோன் 1733 டிசம்பரில் குருப்பட்டம் பெற்றார். இந்தியரில் சீர்திருத்தத் திருச்சபையின் முதற்குரு அவரே. அந்நாளில் தஞ்சைப் பகுதியில் பெருந்தொண்டு புரிந்துவந்த உபதேசியார் ராஜநாயக்கன், தஞ்சை மன்னரின் படையில் வீரராயிருந்தவர். அச்சிட்ட நற்செய்தி நூலைத் தாமே படித்துத் தெளிந்து சபையில் சேர்ந்தவர். பட்டத்துக்கு அவர் பெயரும் எண்ணப்பட்டது. ஆனால் பறையர் குலத்தவர் கையால் நற்கருணை பெற ஏனையோர் இசையார் என்னும் அச்சத்தால் அது கைவிடப்பட்டது. உபதேசியாராகவே இருந்து 1771இல் அவர் மறைந்தார். ஆரோனின் பெருமையைப் பேசுவோர் பலர். அதே மூச்சில் இவரையும் பேசுதல் நம் கடன் எனக் கருதுகிறேன். ஆரோனிடம் குறை காண்பதற்காக இதனை உரைக்கவில்லை.

1845இல் டேனியர் தரங்கம்பாடியை ஆங்கிலேயர்க்கு விற்றனர். பின்னர் லைப்சிக்கு சங்கத்தார் சபைப்பணியை ஏற்றனர். 1919ஆம் ஆண்டு சனவரி 14ஆம் நாள் தமிழ் சுவிசேட லுத்தரன் திருச்சபை தோன்றியது. அதன் பேராயர் திருச்சியில் தங்கினும் ‘தரங்கைப் பேராயர்’ என்றே பெயர் பெறுகிறார். 2004 டிசம்பர் 26ஆம் நாள் ஆழிப்பேரலை ஊருக்குள் புகுந்து பல உயிர்களைக் கொண்டு சென்றது. அதன் பின்னும் ஆலயம் நிலைபெற்று நிற்கிறது. உள்ளே பலிபீடத்தின் ஒரு பக்கம் சீகன்பால்கும், மறுபக்கம் அவர் தோழர் குருண்ட்லரும் துயில்கின்றனர். வழிபாடு தமிழிலேயே நடைபெறுகிறது.