நொடிக்கு 50

"என்னடா இது, பேய் புடிச்ச மாதிரி ஓடுது?" என்றார் சித்தப்பா.

சர்க்கஸ் ஆட்டம். சிங்கத்தின் முதுகில் நின்றபடி நெருப்பு வளையங்களுக்குள் தாவ வேண்டும். முதல் வளையத்திலேயே எரிந்து போனார். அடுத்த தடவையும் அப்படியே. மூன்றாவது தடவை ஜாய்ஸ்டிக்கை என் மடியில் வைத்துவிட்டு, "இது நம்ம கேம் இல்ல தம்பி. வேற எதையோ போட்டுட்ட" என்று எழுந்து போய்விட்டார்.

எனக்கு முகம் விழுந்துவிட்டது. அவருக்காகத்தான் பழைய லேப்டாப்பில் லினக்ஸ் போட்டு, எமுலேட்டர் இறக்கி, கோவில்பட்டி வரை தூக்கிக்கொண்டு போயிருந்தேன். சித்தி அடுப்படியிலிருந்து, "அவருக்குக் கை முன்ன மாதிரி இல்லப்பா, மாத்திரை சாப்புடுறாரு" என்றார். நானும் அப்படித்தான் நினைத்தேன். 66 வயதில் கை மெதுவாகிவிட்டது, அதனால் ஆட்டம் வேகமாகத் தெரிகிறது.

அவர் சொன்னதுதான் சரி என்று எனக்குப் புரிய ஒரு வாரம் ஆனது.

1996இல் சித்தப்பா தீப்பெட்டி ஆபீஸில் கணக்கெழுதிக்கொண்டிருந்தார். ஒரு வேலையாகச் சென்னைக்குப் போனவர், பர்மா பஜாரில் ஒரு வீடியோ கேம் பெட்டி வாங்கி வந்தார். வெள்ளை உடம்பு, சிவப்புப் பட்டன்கள், மஞ்சள் கேசட். கேசட்டின் மேல் 9999 இன் 1 என்று போட்டிருக்கும். உள்ளே இருந்ததோ பத்துக்கும் குறைவான ஆட்டங்கள்தான். அவையே வெவ்வேறு பெயரில், வெவ்வேறு லெவலில் தொடங்கி, பக்கம் பக்கமாகத் திரும்ப வரும். எங்களுக்கு அது மோசடியாகவே தெரியவில்லை. 7,412ஆம் எண்ணில் ஏதாவது புதுசு இருக்கும் என்று ஒரு கோடை விடுமுறை முழுக்கத் தேடியிருக்கிறோம்.

அந்தப் பெட்டியின் அசல் 1983 ஜூலை 15 அன்று ஜப்பானில் 14,800 யென்னுக்கு விற்பனைக்கு வந்தது. நின்டென்டோவின் ஃபேமிகாம். வடிவமைத்த குழுவின் தலைவர் மசயுகி உயெமுரா. இரண்டு ஆண்டு கழித்து, உடம்பை மாற்றிக்கொண்டு நெஸ் என்ற பெயரில் அமெரிக்காவுக்குப் போனது. மூளை 6502 என்ற சில்லின் வழிவந்தது. 1975இல் சக் பெடிலின் குழு அந்தச் சில்லை 25 டாலருக்கு விற்றபோது அதன் விலையே பெரிய செய்தியாக இருந்தது. ஃபேமிகாமுக்குள் அது நொடிக்குச் சுமார் 17.9 லட்சம் துடிப்புகளில் ஓடியது. வேலை நினைவகம் 2 கிலோபைட். சூப்பர் மரியோ ஆட்டம் முழுவதும் 40 கிலோபைட். இன்று வாட்ஸப்பில் வரும் காலை வணக்கப் படம் ஒன்று அதைவிடப் பெரியது. அந்த ஆட்டத்தில் வானத்து மேகமும் தரையில் இருக்கும் புதரும் ஒரே படம்தான், நிறம் மட்டும் வேறு. இடம் அவ்வளவு நெருக்கடி.

இவ்வளவு எளிமையான பெட்டியை நகலெடுக்கத் தைவானில் ஆள் இருந்தார்கள். யூஎம்சி என்ற சில்லுத் தொழிற்சாலை ஃபேமிகாமின் இரண்டு முக்கியச் சில்லுகளுக்கும் மாற்று செய்தது. அந்த வகைச் சில்லுகளை வைத்துப் பெட்டிகள் புறப்பட்டு, நின்டென்டோ எட்டிப் பார்க்காத ஊர்களுக்கெல்லாம் போயின. எங்கள் தெருவுக்கும் ஒன்று வந்தது. எங்களுக்கு நின்டென்டோ என்ற பெயரே தெரியாது. அது வீடியோ கேம், அவ்வளவுதான்.

இனி எமுலேட்டர். இல்லாத ஒரு கருவியைப் போல இன்னொரு கணினியை நடிக்க வைக்கும் நிரல் அது. ஆட்டத்துக்குத் தான் ஓடுவது லேப்டாப்பில் என்று தெரியாது. 1983இன் பெட்டிக்குள் இருப்பதாகவே நம்பும். 1996இல் மராத் ஃபைசுலின் எழுதிய ஐநெஸ், கேசட்டின் உள்ளடக்கத்தைக் கோப்பாக வைக்க ஒரு முறையை வகுத்தது. கோப்பின் முதல் 16 பைட், இது எந்த மாதிரிக் கேசட் என்று சொல்லும் முகவரிச் சீட்டு. இன்றுவரை அந்தச் சீட்டின் வம்சம்தான் புழக்கத்தில் இருக்கிறது. அடுத்த வருடம், 1997 ஏப்ரலில், ஐசர் ஆடிஸின் நெஸ்டிகிள் இலவசமாக வந்து கல்லூரி விடுதிகளையெல்லாம் பிடித்தது. திரையில் மவுஸ் அம்புக்குப் பதிலாக ரத்தம் சொட்டும் வெட்டுப்பட்ட கை. ரசனையைப் பற்றி நான் எதுவும் சொல்லப்போவதில்லை. ஆனால் சாதாரணக் கணினிகளில் அது பறந்தது. எப்படிப் பறந்தது என்றால், நுணுக்கங்களில் கையை விட்டுத்தான். ஆட்டம் ஓடினால் போதும், அசல் பெட்டி உள்ளே என்ன செய்தது என்பது அப்போது யாருக்கும் பெரிய கவலையில்லை.

அந்தக் கவலை பிறகு வந்தது, வந்தபோது வெறியாகவே வந்தது. 6502 சில்லை அமிலத்தில் கரைத்துத் திறந்து, நுண்ணோக்கியில் படம் எடுத்து, அதிலுள்ள சுமார் 3,500 டிரான்சிஸ்டர்களையும் ஒவ்வொன்றாகக் கணினியில் வரைந்து ஓடவிட்டவர்கள் இருக்கிறார்கள். சூப்பர் நின்டென்டோவுக்கு பிஸ்நெஸ் என்ற எமுலேட்டர் எழுதிய நியர், 16 பிட் காலத்துக் கருவியை அச்சு அசலாக நடிக்க வைக்க 3 கிகாஹெர்ட்ஸ் கணினி தேவை என்று 2011இல் விளக்கி எழுதினார். சிரிப்பாகத்தான் இருக்கும். ஆனால் நடிப்பு என்பது அப்படித்தான். சும்மா நடப்பதைவிட இன்னொருவர் நடப்பதைப் போல நடப்பது கஷ்டம்.

லினக்ஸில் இதை நிறுவுவது ஒன்றும் பெரிய வித்தை இல்லை. டெர்மினலைத் திறந்து 'சூடோ ஆப்ட் இன்ஸ்டால் எஃப்சியூஎக்ஸ்' என்று தட்டினால் வந்துவிடும். (ஆங்கிலத்தில்தான் தட்டணும், வேற வழியில்ல.) இந்த எஃப்சியூஎக்ஸும் பல கை மாறிய பிள்ளை, எஃப்சிஇ என்று பிறந்து, எஃப்சிஇ அல்ட்ரா என்று வளர்ந்து, பல கிளைகளாகப் பிரிந்து மறுபடி ஒன்றுசேர்ந்தது. ரிச்சி ஸ்ட்ரீட்டில் வாங்கிய மலிவான யூஎஸ்பி ஜாய்ஸ்டிக்கைச் செருகியதும் லினக்ஸ் எந்த டிரைவரும் கேட்காமல் அடையாளம் கண்டுகொண்டது. ஒவ்வொரு பட்டனுக்கும் வேலை சொல்லிக் கொடுத்தேன். ஏ, பி இரண்டையும் முதலில் மாற்றிப் போட்டு, சிங்கம் தாவாமல் நின்றது. பிளேஸ்டேஷன் மாதிரிக் கருவிகளுக்கு பயாஸ் என்றொரு கோப்பு தனியாகத் தேட வேண்டியிருக்கும். ஃபேமிகாமுக்கு அந்தத் தொல்லை கிடையாது, கேசட்டைச் செருகியதும் ஓடும் கருவி அது.

ஆட்டக் கோப்பை எங்கிருந்து எடுத்தாய் என்று கேட்பீர்கள். எமுலேட்டர் எழுதுவது குற்றமல்ல. பிளேஸ்டேஷனை நடித்த கனெக்டிக்ஸ் நிறுவனத்தின் மீது சோனி போட்ட வழக்கில், 2000 பிப்ரவரியில் அமெரிக்காவின் ஒன்பதாவது வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றம் கனெக்டிக்ஸ் பக்கம் நின்றது. அடுத்த வருடமே சோனி அந்த மென்பொருளை விலைக்கு வாங்கி மூடிவிட்டது, அது வேறு விஷயம். ஆட்டக் கோப்பின் கதை வேறு. அதற்குக் காப்புரிமை உண்டு. 2024இல் ஸ்விட்ச் கருவிக்கான யூசு எமுலேட்டர்மீது நின்டென்டோ வழக்குப் போட, சில நாட்களிலேயே 24 லட்சம் டாலருக்கு ஒப்புக்கொண்டு யூசு கடையைச் சாத்தியது. விற்பனையில் இருக்கும் கருவி விஷயத்தில் நின்டென்டோவின் கோபம் எனக்குப் புரிகிறது. ஆனால் 2023இல் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் வெளியிட்ட ஆய்வின்படி, அமெரிக்காவில் வெளியான பழைய ஆட்டங்களில் 87 சதவீதம் இன்று கடையில் கிடைப்பதில்லை. காசு கொடுக்கிறேன் என்றாலும் வாங்க இடமில்லை. என் விஷயத்தில் இன்னொரு சிக்கல்: நான் திரும்பத் தேடியதே ஒரு திருட்டுக் கேசட்டை. திருட்டின் நகலை எடுப்பதற்கு யாரிடம் அனுமதி கேட்பது?

சென்னைக்குத் திரும்பிய பிறகும் சித்தப்பாவின் முகம் போகவில்லை. இரவில் உட்கார்ந்து சர்க்கஸ் ஆட்டத்தின் இசையை மட்டும் கேட்டேன். கேட்கக் கேட்க எனக்கும் அது வேகமாகத்தான் பட்டது. எனக்குக் கை நடுக்கம் கிடையாது.

ஜப்பானிலும் அமெரிக்காவிலும் டிவி நொடிக்கு 60 படங்கள் காட்டும். இந்தியாவில் 1982இல் கலர் டிவி வந்தபோது பால் என்ற முறையை எடுத்துக்கொண்டோம். அது நொடிக்கு 50. அந்தக் காலத்து ஆட்டங்கள் கடிகாரம் பார்த்து ஓடவில்லை, திரையைப் பார்த்துத்தான் ஓடின. ஒரு படம் வரைந்து முடித்ததும் சிங்கம் ஓர் அடி நகரும், இசை ஒரு படி நகரும். திரை மெதுவானால் எல்லாமே மெதுவாகும். ஜப்பானில் 60 நொடியில் முடியும் பாட்டு 50 படத் திரையில் 72 நொடி இழுக்கும். நான் நிறுவிய எமுலேட்டர் ஜப்பானிய வேகத்தில் ஓடியது. சித்தப்பாவின் கை 72 நொடிப் பாட்டுக்குப் பழகிய கை.

சரி, ரீஜியன் என்ற மெனுவில் பால் என்று மாற்றினால் தீர்ந்தது என்று நினைத்தேன். மாற்றினேன். வேகம் குறைந்தது, ஆனாலும் பாட்டின் சுருதி இறங்கியிருந்தது. ஏதோ ஒன்று ஒட்டவில்லை. அதே மெனுவில் மூன்றாவதாக இன்னொரு பெயர் இருந்தது: டெண்டி.

டெண்டி ரஷ்யாவின் ஃபேமிகாம் நகல். சோவியத் யூனியன் உடைந்த மறு வருடம், 1992இல், ஸ்டீப்லர் என்ற நிறுவனத்தில் விக்டர் சவ்யுக் தொடங்கி வைத்த வியாபாரம். தைவான் சரக்கு, மேலே ஒரு குட்டி யானைப் படம். நின்டென்டோ விற்காத நாட்டில் அதுதான் ஒரு தலைமுறையின் வீடியோ கேம். அங்கேயும் டிவி நொடிக்கு 50.

நின்டென்டோ ஐரோப்பாவுக்கென்று தானே செய்த 50 பட நெஸ்ஸில் மூளையின் துடிப்பை 16.6 லட்சத்துக்கு இறக்கியிருந்தது. சுருதி இறங்கியது அதனால்தான். ஒரு மூளைத் துடிப்புக்குத் திரையில் 3 புள்ளிகள் என்ற பழைய கணக்கும் 3.2 ஆகிவிட்டது. அந்த 3 என்ற கணக்கை நம்பி எழுதிய ஜப்பானிய ஆட்டங்கள் சில அதில் தடுமாறின. நகல் சில்லு செய்தவர்களுக்கு அந்தத் தடுமாற்றம் ஆகாது. அவர்கள் விற்றதே ஜப்பானியக் கேசட்டின் நகல்களைத்தானே. அதனால் துடிப்பைச் சுமார் 17.7 லட்சத்தில், அசலுக்குப் பக்கத்திலேயே வைத்தார்கள். 3 புள்ளிக் கணக்கைக் காப்பாற்றினார்கள். 50 படத் திரைக்கு 262 கோடுகளுக்குப் பதில் 312 கோடுகள் வேண்டும். கூடுதல் கோடுகளைப் படம் வரைந்து முடித்த இடத்தில், ஆட்டம் கவனிக்காத மூலையில், சும்மா ஓடும்படி செருகினார்கள். படம் முடிந்துவிட்டது என்ற தகவலே 51 கோடுகள் தாமதமாகத்தான் ஆட்டத்துக்குப் போகும். ஆட்டம் ஏமாந்து, தான் ஜப்பானில் இருப்பதாகவே எண்ணிக்கொள்ளும்.

இதைப் படித்தபோது எழுந்து நின்றுவிட்டேன். திருடர்கள்தான். ஆனால் அந்த வேலையில் அசல் கம்பெனியைவிடக் கவனமாக யோசித்திருக்கிறார்கள். அவர்களில் ஒருவர் பெயரும் எனக்குத் தெரியாது.

டெண்டியைத் தேர்ந்தெடுத்தேன். பாட்டு அசல் சுருதியிலேயே, ஆனால் நிதானமாக வந்தது. எங்கள் வீட்டுக் கூடம், சாலிடேர் டிவி, கரண்ட் போன இரவுகள், அடாப்டரின் சூடு. ரஷ்ய யானையின் பெயரில் எங்கள் கோவில்பட்டி.

நின்டென்டோவே 2016இல் நெஸ் கிளாசிக் என்று உள்ளங்கை அளவில் ஒரு பெட்டி விட்டது. 30 ஆட்டங்கள். அதைத் திறந்து பார்த்தவர்கள் சொன்னார்கள், உள்ளே இருப்பது லினக்ஸும் ஒரு எமுலேட்டரும்தான் என்று. கம்பெனியும் கடைசியில் நான் செய்ததையே செய்து விற்றது. ஐரோப்பாவில் விற்ற பெட்டியும் 60 படத்தில்தான் ஓடியது. அங்கே பலருக்கு அது நிம்மதி, 50 வேகத்தை அவர்கள் குறையாகவே பார்த்தார்கள். யானை வேகத்தைக் கம்பெனி ஒருநாளும் வெளியிடாது. ஏன் வெளியிட வேண்டும், அது அவர்கள் செய்த தவறுகூட இல்லையே. சில்லுக்குள் கோடு எண்ணி அதைக் குறித்துவைத்தவர்கள் சம்பளமில்லாத ஆர்வலர்கள்.

தீபாவளிக்குப் போனபோது லேப்டாப்பை மறுபடி எடுத்துப் போனேன். சித்தப்பா, "அதான் பாத்தமே" என்றார். ஒரே ஒரு தடவை என்று கெஞ்சி ஜாய்ஸ்டிக்கைக் கையில் திணித்தேன். வேகத்தைப் பற்றி எதுவும் சொல்லவில்லை. முதல் வளையத்தில் தாவினார். இரண்டாவது. நெருப்புச் சட்டிக்கு மேலே தாவும்போது உடம்பையே சாய்த்தார், முன்பு போலவே.

அடுப்படியில் முறுக்கு பிழிந்துகொண்டிருந்த சித்தி, திரையைப் பார்க்காமலே, "அந்தப் பழைய சனியன எங்க பரண்லருந்தா எடுத்தீங்க?" என்று கேட்டார்.

சித்தப்பா பதில் சொல்லவில்லை. அடுத்த வளையம் வந்துகொண்டிருந்தது.