சிங்கப்பெருமாள் கோவில்: அடுப்பு பற்றவைத்த நேரம்

சிங்கப்பெருமாள் கோவில் என்றதும் பலருக்கு நினைவு வருவது பாடலாத்ரி நரசிம்மரின் குடைவரைக் கோவில்தான். பல்லவர் காலத்தைச் சொன்னதோடு ஊர் வரலாறு முடிந்துவிடுகிறது. ஆனால் அந்த மலையைச் சுற்றியுள்ள வீடுகளில் அடுப்பு எத்தனை மணிக்குப் பற்றவைக்கப்பட்டது என்பதும் வரலாறுதானே!

செங்கல்பட்டு வட்டாரம் ஏரிப் பாசன பூமி. வயலுக்குப் போகும் வீடுகளில் காலை உணவு பழைய சோறு, இல்லாவிட்டால் கேழ்வரகுக் கூழ். இரண்டுமே முதல்நாளே தயாராகிவிடும், விடியற்காலையில் அடுப்புக்கு வேலை இல்லை. இட்லி என்பது தீபாவளிக்கும் விருந்தாளிகளுக்கும்தான். வறுமை மட்டும் காரணமல்ல. ஆட்டுக்கல்லில் குழவியைச் சுற்றிச் சுற்றி மாவாட்டிப் பார்த்தவர்களுக்குத் தெரியும்...

பிறகு மின்சார ரயிலில் சென்னைக்கு வேலைக்குப் போகிறவர்கள் வந்தார்கள். அடுக்களையும் ரயில் நேரம் பார்க்கத் தொடங்கியது.

பெரிய மாற்றம் கார் கம்பெனிகளால் வந்தது. 1998-ல் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய், 1999-ல் மறைமலை நகரில் ஃபோர்டு, 2002-ல் பக்கத்திலேயே மஹிந்திரா வேர்ல்டு சிட்டி, 2010-ல் ஒரகடத்தில் ரெனோ-நிசான். ஒரகடம் சாலை இந்த ஊரில்தான் ஜி.எஸ்.டி. ரோட்டிலிருந்து பிரிகிறது. கம்பெனி பஸ் இருட்டோடு வந்து நிற்கும். மகனுக்குக் காலை ஷிப்ட், அப்பாவுக்கு நைட் ஷிப்ட் என்றால் ஒரே வீட்டில் இரண்டு விடியல்! ஒருவர் சாப்பிட்டுக் கிளம்பிய சற்று நேரத்தில் இன்னொருவர் தூங்க வருவார். குக்கர் விசில்கூட அவர் தூக்கத்தைக் கெடுக்காமல் அடிக்க வேண்டும். அடுத்த வாரம் ஷிப்ட் மாறினால் எல்லாமே தலைகீழ்.

2011 செப்டம்பரில் தமிழக அரசு மிக்சி, கிரைண்டர், மின்விசிறியை விலையில்லாமல் கொடுக்கத் தொடங்கியது. கை வலி குறைந்தது, நிஜம். ஆனால் கிரைண்டர் வந்ததும் இட்லி தினசரிப் பலகாரமாகிவிட்டது. பழைய சோறு மிச்சம் பிடித்துக் கொடுத்த காலை நேரம் போயே போச்சு. மத்திய அரசின் 2024 நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பில் வீட்டு வேலை செய்யும் பெண்கள் அதற்குச் செலவிடுவது நாளுக்கு 289 நிமிடம், ஆண்கள் 88. கிரைண்டருக்குப் பிறகும் இதுதான் நிலைமை.

ஸ்ரீபெரும்புதூர் நோக்கியா 2014-லும், மறைமலை நகர் ஃபோர்டு 2022-லும் உற்பத்தியை நிறுத்தின. கம்பெனி பஸ் வராமல் போன வீடுகளில் யாரும் இருட்டில் எழ வேண்டியதில்லை. எழுந்து சமைக்கச் சம்பளமும் இல்லை.