அப்புத்தளை தந்த இசையமைப்பாளரும் தோட்டத்துத் தப்பும்

மலையகம் என்றவுடன் தேயிலையும் உழைப்பும் நினைவுக்கு வருதல் இயல்பு. இசையை நினைப்போர் சிலரே. ஆயினும், ஊவா மாகாணத்துப் பதுளை மாவட்டம் இலங்கைத் திரையிசைக்கு ஒரு கலைஞரை அளித்துள்ளது. அவர் கிளாரன்ஸ் விஜேவர்தன. சிங்களக் கலைஞராகிய அவரது வரலாறு தமிழராகிய நம்முன்னும் ஒரு வினாவை எழுப்புகின்றது.

சிங்களத் திரையிசையின் தொடக்கத்தில் தமிழரின் பங்கு பெரிது. 1947இல் வெளிவந்த முதற் சிங்களப் பேசும்படமாகிய 'கடவுணு பொரொந்துவ'வைத் தயாரித்தவர் எஸ். எம். நாயகம், இசையமைத்தவர் நாராயண ஐயர். பின்னர் நாகர்கோவிலிற் பிறந்த ஆர். முத்துசாமி பல சிங்களப் படங்களுக்கு இசையமைத்தார். தென்னிந்திய, இந்தி மெட்டுக்களின் செல்வாக்கு நெடுநாள் நிலவியது.

இச்சூழலில் வேறொரு வழியை வகுத்தோருள் ஒருவரே 1943 ஆகஸ்ட் 3ஆம் நாள் அப்புத்தளையிற் பிறந்த கிளாரன்ஸ். அனஸ்லி மாலேவனவுடன் 1960களில் 'மூன்ஸ்டோன்ஸ்' குழுவை நடத்தி, மின்கிற்றாரைச் சிங்கள மெல்லிசைக்கு உரியதாக்கினார். வானொலி அவர் புகழைப் பரப்பியது. பின்னர் 'கோல்டன் சைம்ஸ்', 'சூப்பர் கோல்டன் சைம்ஸ்' குழுக்களை அமைத்தார். எச். டி. பிரேமரத்னவின் 'அபேக்ஷா' (1978) திரைப்படத்தின் இசை அவருடையது. 1996 டிசம்பர் 13இல், தமது 53ஆம் வயதில் மறைந்தார்.

அதே மலைகளில், அதே ஆண்டுகளில் நிகழ்ந்த மற்றொன்றையும் நோக்குதல் வேண்டும். 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் தோட்டத் தொழிலாளரை நாடற்றவராக்கியது. 1964ஆம் ஆண்டு சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்பவும், 3,00,000 பேருக்கு இலங்கைக் குடியுரிமை வழங்கவும் வகைசெய்தது. எஞ்சிய 1,50,000 பேரை இரு நாடுகளும் சமமாகப் பங்கிட்டது 1974இல். கிளாரன்ஸின் பாடல்கள் வானொலியில் ஒலித்த காலத்திலேயே, பல குடும்பங்கள் லயங்களை விட்டுத் தலைமன்னாரிற் கப்பலேறின. காமன் கூத்து ஆடியவரும் தப்படித்தவரும் அவருள் இருந்தனர்.

மலை ஒன்றே, ஆனால் வாய்ப்பு ஒன்றன்று. கிற்றாருக்கு ஒலிப்பதிவுக் கூடமும் இசைத்தட்டும் பெரும்பான்மை மொழியின் இரசிகரும் வாய்த்தனர். தப்புக்கோ, அடுத்த ஆண்டுத் திருவிழாவிலும் அதே ஊரில் ஒலிப்போம் என்ற உறுதிதானும் இருக்கவில்லை. இது கிளாரன்ஸின் குற்றமன்று; அவர்தம் கலைக்கு இழுக்குமன்று. கலை வளர்வதற்குத் திறமை மட்டும் போதாது, காலூன்ற நிலமும் உரிமையும் வேண்டும் என்பதே இவ்விரு வரலாறுகளும் சேர்ந்து உணர்த்தும் உண்மை.

நாடற்ற நிலைக்கு 2003ஆம் ஆண்டுச் சட்டம் முடிவு கண்டது. மலையக நாட்டார் பாடல்களைச் சி. வி. வேலுப்பிள்ளை தொகுத்து நமக்களித்துச் சென்றார். ஆனால் பாடலின் சொல் ஏட்டில் அடங்கும். தப்பின் அடி ஏட்டில் அடங்காது. அதனைக் கையறிந்த முதியோர் வாழுங் காலத்திலேயே ஒலிப்பதிவு செய்து காத்தல் பல்கலைக்கழக மாணவராகிய நம் கடனாகும். அப்புத்தளையின் இசை வரலாறு அன்றுதான் நிறைவுபெறும்.