"கருப்பா இருந்தாலும் களையா இருக்கா"



உங்களில் பலர் இப்போது பிள்ளைகளுக்கு வரன் பார்க்கும் வயதில் இருக்கிறீர்கள். அதனால் இந்த வரலாற்றைச் சொல்லத் தோன்றியது. கொஞ்சம் நீளம்தான், பொறுமையாகப் படியுங்கள்.

பெண் பார்த்துவிட்டு வருபவர்கள், "பொண்ணு கருப்பா இருந்தாலும் களையா இருக்கா" என்பார்கள். சொல்பவர் மனதில் வெறுப்பு இல்லை, பாராட்டுவதாகத்தான் நினைக்கிறார். ஆனால் அந்த "இருந்தாலும்" என்ற சொல்லைக் கவனியுங்கள். கருப்பு ஒரு குறை என்று முன்பே முடிவாகிவிட்டது. "சிவப்பா இருந்தாலும் களையா இருக்கா" என்று யாராவது சொல்லிக் கேட்டதுண்டா?

நம் காஞ்சியில் பவளவண்ணர் கோயிலும் பச்சைவண்ணர் கோயிலும் எதிரெதிரே இருக்கின்றன. கிருஷ்ணன் என்ற பெயருக்கே கருப்பு நிறத்தவன் என்றுதான் பொருள். சாமிக்கு எந்த நிறமும் குறையில்லை. மனிதர்களிடம்தான் தரம் பிரித்தோம்.

சாதியும், வெயிலில் உழைப்பவரைத் தாழ்வாகப் பார்த்த வழக்கமும் இதற்குப் பழைய காரணங்கள். வெள்ளையர் ஆட்சியில் உடல் தோற்றத்தை வைத்துத் தரம் பிரிப்பதற்கு அறிவியல் என்ற முத்திரையும் விழுந்தது. 1901 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் ஆணையர் ரிஸ்லி, மூக்கு அகலமாக ஆகச் சாதியின் மதிப்பு குறையும் என்று எழுதினார். 1885 முதல் 1908 வரை சென்னை அருங்காட்சியகத்தை நிர்வகித்த எட்கர் தர்ஸ்டன், கருவி வைத்து நம் மக்களின் மூக்கையும் தலையையும் அளந்தார். அந்த அறிவியல் பொய் என்று பின்னாளில் தள்ளப்பட்டது. எண்ணம் மட்டும் போகவில்லை. 1975-இல் கடைக்கு வந்த 'ஃபேர் அண்ட் லவ்லி' களிம்பு, பெயரில் இருந்த 'ஃபேர்' என்ற சொல்லைக் கைவிட 2020 வரை ஆயிற்று.

அமெரிக்காவில் கென்னத் கிளார்க், மேமி கிளார்க் என்ற கருப்பினத் தம்பதியர், 3 முதல் 7 வயதுக் கருப்பினக் குழந்தைகளிடம் வெள்ளைப் பொம்மையையும் கருப்புப் பொம்மையையும் காட்டி, எது நல்ல பொம்மை என்று கேட்டார்கள். பெரும்பாலான குழந்தைகள் வெள்ளையையே காட்டினார்கள். பள்ளிகளில் இனப் பிரிவினை செல்லாது என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 1954-இல் அளித்த தீர்ப்பில் இவர்களது ஆய்வும் குறிப்பிடப்பட்டது.

அந்தக் குழந்தைகளுக்கு யாரும் பாடம் நடத்தவில்லை. சுற்றியிருந்த உலகத்தைப் பார்த்துத் தாமாகக் கற்றுக்கொண்டார்கள். நம் வீட்டிலும் அப்படித்தான்.

ஆகவே ஒரு வேண்டுகோள். வரன் விளம்பரத்தில் "சிவந்த நிறம்" என்று எழுதும் முன் ஒரு நிமிடம் யோசியுங்கள். "இருந்தாலும்" என்று வாய் எடுக்கும் முன் பக்கத்தில் பாருங்கள். உங்கள் பேத்தி கேட்டுக்கொண்டிருப்பாள்.

அன்புடன்,
உங்கள் ஆசிரியர்,
காஞ்சிபுரம்.